தூணுக்குத் தூண் ஒரு கடை

எழுத்தில் கிடைக்கும் கணக்குப்படி, மதுரைக் கடைத்தெருவை ஆற அமரச் சுற்றிப்பார்த்த முதல் ஆள் கோவலன். கண்ணகியைக் கவுந்தியடிகளிடம் விட்டுவிட்டு, புறஞ்சேரியிலிருந்து தனியாகக் கிளம்பி ஊருக்குள் நுழைகிறான். சிலப்பதிகாரத்தின் ஊர்காண் காதை அந்தச் சுற்றைத்தான் சொல்கிறது. ரத்தினக் கடையில் எந்தக் கல்லுக்கு என்ன குற்றம் என்று பார்க்கிறான். பொன் கடையில் சாதரூபம், கிளிச்சிறை, ஆடகம், சாம்பூநதம் என்று நால்வகைப் பொன். அறுவைக் கடையில் அடுக்கடுக்காய்த் துணிக்கட்டு, கூலக் கடையில் தராசும் மிளகுப் பொதியும். மதுரையின் பகல் அங்காடியையும் இரவு அங்காடியையும் மதுரைக்காஞ்சி அதற்கு முன்பே பாடிவிட்டது. ஆனால் சிலம்பில்தான் ஒரு வெளியூர்க்காரன் கால் வலிக்க நடக்கிறான். வைரத்தின் குற்றம் வரைக்கும் கவனித்தவன் பொற்கொல்லனின் மனசைக் கவனிக்காமல் போனது வேறு கதை.

இப்போது மதுரையில் மரபு நடை என்று சொல்லிக் கூட்டிப்போகிறவர்கள் இருக்கிறார்கள். மீனாட்சி அம்மன் கோயிலின் கிழக்குக் கோபுரத்துக்கு எதிரே ஆரம்பித்து, புதுமண்டபம், ராயகோபுரம், விளக்குத்தூண், பத்துத் தூண், நாயக்கர் மகால் என்று போகிற பாதை வழக்கமானது. அந்தப் பாதையின் முதல் நிறுத்தமான புதுமண்டபம்தான் இந்தக் கட்டுரையின் நாயகன். திருவிழாவுக்கென்று கட்டிய மண்டபம் எப்படிக் கூரை போட்ட கடைத்தெருவாக மாறியது, கடைத்தெரு எப்படிக் காட்சிப் பொருளாக மாறியது என்பதைச் சொல்லத்தான் இவ்வளவு பீடிகை.

திருமலை நாயக்கர் ஆட்சிக்கு வந்தது 1623-ல். திருச்சிராப்பள்ளியில் இருந்த தலைநகரை மதுரைக்குக் கொண்டுவந்தார். மாசியில் நடந்துவந்த மீனாட்சி கல்யாணத்தைச் சித்திரைக்கு மாற்றி, தேனூரில் ஆற்றில் இறங்கிக்கொண்டிருந்த அழகரை மதுரை வைகைக்கு வரவழைத்து, இரண்டு திருவிழாவையும் ஒரே மூச்சில் கோத்தவர் அவர்தான் என்பது மரபான செய்தி. அறுவடை முடிந்து கையில் காசு இருக்கிற காலம், சைவரும் வைணவரும் ஒரே ஊரில் கூடுகிற வாய்ப்பு. பக்தியோடு வணிகக் கணக்கும் தெரிந்த ராஜா.

சித்திரை முடிந்தால் வைகாசி. வைகாசியில் மதுரை வெயிலைப் பற்றி யாரும் யாருக்கும் சொல்ல வேண்டியதில்லை. அந்த வெயிலில் சுவாமிக்கும் அம்மனுக்கும் நடக்கும் வசந்த உற்சவத்துக்காகக் கோயிலுக்கு வெளியே, கிழக்கு வாசலுக்கு நேர் எதிரே கட்டியதுதான் புதுமண்டபம். வசந்த மண்டபம் என்றும் பெயர். 19ஆம் நூற்றாண்டில் இந்தியக் கட்டடக்கலையின் வரலாற்றை எழுதிய ஜேம்ஸ் ஃபெர்குசன் இதன் நீளம் 333 அடி, அகலம் 105 அடி என்று அளவு கொடுத்திருக்கிறார். நான்கு வரிசைத் தூண்கள். 124 என்பது பொதுவாகச் சொல்லும் எண்ணிக்கை. மேலே கற்பலகைகளைப் பாவிய கூரை. சுற்றிலும் அகழிபோல ஒரு நீர்த்தொட்டி. உற்சவத்தின்போது அதில் தண்ணீர் நிரப்புவார்கள். வெயிலில் காய்ந்த காற்று தண்ணீரைத் தொட்டு, தூண்களுக்கு இடையே நுழைந்து, குளிர்ந்து வந்து சேரும். மேற்குப் பக்கம் கருங்கல்லில் ஒரு சிறு மண்டபம். சாயங்காலம் சுவாமியும் அம்மனும் அங்கே எழுந்தருளுவார்கள். தெய்வத்துக்கே புழுக்கம் என்று நினைத்துக் கட்டிய இடம் என்பதால் மனிதருக்கும் அங்கே சுகமாக இருந்தது. பின்னால் நடந்த எல்லாவற்றுக்கும் இந்த நிழல்தான் முதல் காரணம்.

நடுப்பாதையின் இரு பக்கமும் விசுவநாத நாயக்கரிலிருந்து திருமலை நாயக்கர் வரை அந்தப் பரம்பரையின் பத்துப் பேர் தூணோடு தூணாகக் கைகூப்பி நிற்கிறார்கள். திருமலையை அடையாளம் கண்டுபிடிக்க வழிகாட்டி வேண்டாம். தொந்தியும் கொண்டையும் போதும். மீனாட்சி கல்யாணம், கரும்பு தின்னும் கல்யானை, கயிலையைத் தூக்கும் ராவணன், ஆடும் சிவன், எதிராடும் காளி என்று திருவிளையாடலும் புராணமும் கல்லில் உண்டு.

வழிகாட்டிகளுக்கு இங்கே கைவசம் ஒரு கதை இருக்கிறது, அதைச் சொல்லாமல் யாரையும் விடமாட்டார்கள். சிற்பி சுமந்திரமூர்த்தி ஆசாரி பட்டத்தரசியின் சிலையைச் செதுக்கும்போது தொடையில் ஒரு சில்லு தெறித்துவிட்டதாம். எத்தனை முறை செய்தாலும் அதே இடத்தில் தெறித்ததாம். அமைச்சர் நீலகண்ட தீட்சிதர், 'அது அப்படியே இருக்கட்டும், அரசிக்கு அங்கே மச்சம் உண்டு' என்ற பொருளில் சொல்லிவிட, ராஜாவுக்குச் சந்தேகம் வந்ததாம். ராஜா தண்டிப்பதற்கு முன்பே தீட்சிதர் கற்பூர ஆரத்தியால் தம் கண்ணைத் தாமே சுட்டுக்கொண்டாராம். கேட்கிறவர்கள் உச்சுக் கொட்டுவார்கள். கதை நல்ல கதைதான். ஆனால் அதைச் சொல்லி முடிக்கிற ஐந்து நிமிஷத்தில், சிலைக்குப் பின்னால் இருநூறு வருஷ வியாபாரம் காணாமல் போய்விடுகிறது என்பது என் குறை.

மண்டபம் என்ற அமைப்பே நிழலுக்குப் பிறந்த ஒன்று என்பதற்கு எங்கள் பக்கத்துத் தளவானூரைக் காட்டலாம். செஞ்சியிலிருந்து விழுப்புரம் பக்கமாகப் போனால், பஞ்சபாண்டவர் மலை என்று ஊரார் சொல்லும் பாறையில், மகேந்திரவர்மன் 7ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் குடைந்த கோயில் இருக்கிறது. சத்ருமல்லேஸ்வரம் என்று பெயர். சத்ருமல்லன் என்பது அவன் பட்டங்களில் ஒன்று. தெற்கு நோக்கிய முகப்பில் நடுவே இரண்டு முழுத்தூண், ஓரங்களில் இரண்டு அரைத்தூண். நடுத் தூண்களுக்கு மேலே மகர தோரணம். உள்ளே கருவறை நேர் எதிரே இல்லாமல் மேற்குச் சுவரில் கிழக்கு நோக்கி இருக்கிறது. சித்திரை மத்தியானத்தில் கல்லேறி அந்த இரண்டு தூண்களுக்கு உள்ளே ஓரடி வைத்தவர்களுக்கு, தமிழ்நாட்டில் ஏன் ஆயிரம் வருஷத்துக்கு மேலாகத் தூண் நட்டுக்கொண்டே இருந்தார்கள் என்று விளக்க வேண்டியிருக்காது. பக்கத்து மண்டகப்பட்டில் செங்கல், மரம், உலோகம், சுண்ணாம்பு இல்லாமல் கோயில் எடுத்ததாக அதே ராஜா பெருமைப்பட்டுக்கொள்கிறான். இரண்டு தூணில் தொடங்கிய காரியம் ஆயிரம் ஆண்டு கழித்து மதுரையில் 124 தூணாக நின்றது.

ஆனால் தளவானூர்த் தூண்கள் பாறையோடு ஒட்டியவை. யாரும் பெயர்த்துக்கொண்டு போக முடியாது. செஞ்சிக் கோட்டைக்குள் இருந்த வேங்கடரமணர் கோயில் தூண்களுக்கு அந்தக் கொடுப்பினை இல்லை. 16ஆம் நூற்றாண்டு நாயக்கர் கோயில் அது. 1750-ல் பிரெஞ்சுக்காரர் கோட்டையைப் பிடித்தார்கள், 1761-ல் ஆங்கிலேயர் கைக்குப் போனது. கோயிலின் நல்ல தூண்களாகப் பார்த்துப் புதுச்சேரிக்குக் கொண்டுபோய்விட்டார்கள். இன்று புதுச்சேரிக் கடற்கரையில் காந்தி சிலையைச் சுற்றி நிற்கிறதே, அந்தத் தூண்கள் செஞ்சித் தூண்கள்தான். மதுரையிலும் இப்படி நடந்திருக்கிறது. மதனகோபால சுவாமி கோயிலின் மண்டபத் தூண்கள் பிரிந்து குவியலாகக் கிடந்தபோது, 1912 வாக்கில் அமெரிக்காவிலிருந்து வந்த அடலின் பெப்பர் கிப்சன் என்ற பெண் அவற்றை விலைக்கு வாங்கிக் கப்பலேற்றினார். அவை இப்போது ஃபிலடெல்ஃபியா அருங்காட்சியகத்தில் ஒரு முழு மண்டபமாக நிற்கின்றன. பனிக்காலத்தில் சூடேற்றிய அறைக்குள் ஒரு வசந்தகால நாட்டு மண்டபம்!

புதுமண்டபத் தூண்களை யாரும் விலைபேச வராததற்குக் காரணம் பக்தி மட்டும் என்று நான் நம்பவில்லை. ஒவ்வொரு தூணுக்கும் கீழே ஓர் ஆள் உட்கார்ந்திருந்தார்.

கடை ஒரே நாளில் வரவில்லை. வெளிப்பக்க வரிசைகளில் ஒரு பெட்டியை வைத்துக்கொண்டு குங்குமம், மஞ்சள் கயிறு, வளையல் விற்பவர் முதலில் வருவார். கோயில் வாசலில் அது எல்லா ஊரிலும் நடப்பது. பெட்டி மேடையாகும், மேடைக்குப் பலகைக் கதவு வரும், கதவுக்குப் பூட்டு வரும், பூட்டுக்கு வாடகை ரசீது வரும். நடுப்பாதை சுவாமிக்கு, ஓரப்பாதைகள் கடைக்கு என்று எழுதாத ஓர் ஒப்பந்தம் நிலைத்தது. வசந்த உற்சவம் அதன்பாட்டுக்கு நடந்தது, வியாபாரம் அதன்பாட்டுக்கு நடந்தது.

இதே காலத்தில் உலகத்தின் மற்ற பக்கங்களில் ராஜாக்களும் முதலாளிகளும் திட்டம் போட்டுக் கூரைக் கடைத்தெருக்களைக் கட்டிக்கொண்டிருந்தார்கள். 1646-ல் ஷாஜகான் பெஷாவரில் கூரை போட்ட கடைத்தெரு ஒன்றைப் பார்த்து ஆசைப்பட்டு, டெல்லியில் எழும்பிக்கொண்டிருந்த செங்கோட்டைக்கும் அப்படி ஒன்று வேண்டும் என்று முகரமத் கானுக்குச் சொன்னார். லாகூர் வாசலைத் தாண்டியதும் இன்றும் கைவினைப் பொருள் விற்கிற சத்தா சௌக் அதுதான். பாரிசில் 1800-ல் பனோரமா பாசேஜ் திறந்தார்கள். நடைபாதை இல்லாத சேற்றுத் தெருவில் வண்டிச் சக்கரத்துக்குப் பயந்து நடந்த சீமாட்டிகளுக்குக் கண்ணாடிக் கூரையும் நனையாத செருப்பும் பெரிய வரம். லண்டனில் 1819-ல் பர்லிங்டன் ஆர்க்கேட். அவர்களுக்கு எதிரி மழை, நமக்கு எதிரி வெயில். அவர்கள் வெளிச்சத்தை உள்ளே விடக் கண்ணாடி போட்டார்கள், நாம் வெளிச்சத்தை வெளியே நிறுத்தக் கல் போட்டோம். மதுரைக்காரர்கள் செய்த புத்திசாலித்தனம், கட்டுகிற செலவு இல்லாமல், ராஜா கட்டிவைத்ததில் குடியேறியது.

புதுமண்டபத்தில் என்ன கிடைத்தது என்று கேட்டால் மதுரையில் ஆளுக்கொரு பட்டியல் சொல்வார்கள். சொப்புச் சாமான், மரப்பாச்சி, அரைஞாண் கயிறு, பித்தளை விளக்கு, சாமி படம், ஜரிகை, ஜிகினா, குஞ்சம். பள்ளிக்கூட ஆண்டு விழா வந்தால் மாறுவேடப் போட்டிக்கு பாரதியார் கோட்டும் கிருஷ்ணர் கொண்டையும் அங்கேதான். பரதநாட்டிய உடை, குழந்தைக்குச் சட்டை, தேருக்குத் தொம்பை, அம்மனுக்குப் பாவாடை, குதிரை வாகனத்துக்குச் சேலை. கல்தூண் ஒன்றில் முதுகைச் சாய்த்துக்கொண்டு, காலால் மிஷினை மிதித்தபடி, பார்க்கிற பார்வையிலேயே அளவெடுத்துவிடுகிற தையற்காரர்கள் இருந்தார்கள். டேப் எடுப்பது வாடிக்கையாளரின் திருப்திக்காக.

அவர்களுடைய பெரிய சீசன் பங்குனியில் தொடங்கும். கள்ளழகருக்கு நேர்த்திக்கடன் செலுத்துகிறவர்களில் திரி எடுத்து ஆடுகிறவர்கள் உண்டு, தோப்பரை என்ற ஆட்டுத்தோல் பையில் தண்ணீர் நிரப்பி, துருத்தி வழியாக அழகர் மேல் பீய்ச்சுகிறவர்கள் உண்டு. இவர்களுக்கென்று ஓர் உடை இருக்கிறது. முழங்கால்வரை வருகிற சல்லடம், இடுப்புக்குக் கச்சை, தலைக்கு உருமால். சல்லடம் தைப்பதைக் கொஞ்சம் நின்று பார்த்தால் சுவாரஸ்யமானது. பளபளக்கிற சிவப்போ பச்சையோ மஞ்சளோ துணி. ஆட்டம் ஆடுகிற உடை என்பதால் கவட்டில் தாராளமாகத் துணி விட வேண்டும். இறுக்கித் தைத்தால் வைகைக்குப் போய்ச் சேரும் முன் கிழியும். நனைகிற உடை என்பதால் சாயம் போகாத துணியாக இருக்க வேண்டும். ஓரத்தில் ஜரிகை வைத்து, அதற்கு மேல் ஜிகினா. ஒரு ராத்திரியும் ஒரு பகலும் வெயிலிலும் தண்ணீரிலும் தாங்கினால் போதும், ஆனால் அந்த ஒரு நாளுக்குள் நூல் பிரியக்கூடாது, அது நேர்த்திக்கடன். இந்தச் சல்லடங்களைத் தைத்துக் கொடுத்தவர்களில் முஸ்லிம் தையற்காரர்களும் உண்டு. அதை மதுரையில் யாரும் ஓர் அதிசயமாகச் சொல்வதில்லை. பத்திரிகைக்காரர்கள் வந்து கேட்கும்போதுதான் அது செய்தியாகிறது.

இந்த இடத்தில் திருமலை நாயக்கரின் கணக்கு முழுவட்டம் வருகிறது. அவர் சித்திரையையும் அழகரையும் மதுரைக்கு இழுத்துவந்தார். அந்தத் திருவிழா வளர்ந்து லட்சக்கணக்கானவர்களுக்கு உடை கேட்டது. உடை தைப்பவர்கள், அதே ராஜா வேறொரு திருவிழாவுக்குக் கட்டிய மண்டபத்தின் நிழலில் வந்து உட்கார்ந்தார்கள். தொ. பரமசிவன் தம் 'அழகர் கோயில்' நூலில் இந்தத் திருவிழாவைச் சாதிகளின், சடங்குகளின் வழியாகப் படித்துக்காட்டினார். தையல் மிஷினின் வழியாகவும் யாராவது ஒரு நாள் எழுத வேண்டும்.

தையலுக்கு அடுத்தது புத்தகம். பழைய தமிழ்ப் புத்தகங்களைப் புரட்டுகிறவர்களுக்கு 'புதுமண்டபம், மதுரை' என்ற முகவரி கண்ணில் படாமல் போகாது. இ.மா. கோபாலகிருஷ்ணக் கோன் போன்ற பதிப்பாளர்கள் அங்கிருந்து புராணமும் இலக்கியமும் வெளியிட்டார்கள். இன்னொரு பக்கம் பெரிய எழுத்துக் கதைகள்: மங்கிய காகிதத்தில், கண் மங்கியவர்களும் எழுத்துக்கூட்டிப் படிக்கிற அளவு அச்சில், நல்லதங்காள், விக்கிரமாதித்தன், அல்லி அரசாணி மாலை. அல்லி மதுரையை ஆண்டவளாகவே அந்தக் கதையில் வருகிறாள். அவள் கதையை அவள் ஊரிலேயே வாங்கிக்கொண்டு போவது கிராமத்தாருக்கு ஒரு பிரியம். அழகர் வர்ணிப்புப் புத்தகம் சித்திரையில் சூடாக விற்கும். திருவிழாவுக்கு வந்தவர் ஒரு கையில் சல்லடமும் ஒரு கையில் வர்ணிப்பும் வாங்கிக்கொண்டு போனால், ஒரு வருஷத்துக்கான மதுரை அவர் பையில் இருக்கும்.

சரி, இதைச் சுற்றிக்காட்டும் வழக்கம் எப்போது பிறந்தது?

வெளியூர்க் கண்கள் இந்த மண்டபத்தின் மேல் விழுந்து வெகுகாலம் ஆகிறது. ஆடம் பிளாக்கடர் என்ற மருத்துவர் 18ஆம் நூற்றாண்டின் இறுதியில் தூண் தூணாக அளந்து வரைய ஏற்பாடு செய்து, 1789-ல் ஜோசப் பேங்க்ஸுக்கு விவரமாகக் கடிதம் எழுதினார். 1792-ல் தாமஸ் டேனியலும் அவருடைய உறவினர் வில்லியமும் வந்து வரைந்தார்கள். 'திருமல நாயக்கின் சாவடி' என்று அந்த ஓவியம் லண்டனில் அச்சானது. 1858-ல் லின்னேயஸ் டிரைப் பெரிய பெட்டிக் கேமராவைத் தூக்கிக்கொண்டு வந்தார். நான்கு பேருக்கும் வேண்டியிருந்தது கல். கடைக்காரர்கள் இவர்கள் யாருக்கும் முக்கியமாகப் படவில்லை.

சுற்றுலாக் காலம் வந்தபிறகும் அதே கதைதான். வழிகாட்டி வெளிநாட்டுக்காரரைக் கூட்டிவந்து நாயக்கரைக் காட்டுவார். நாயக்கரின் பாதி உடம்பைத் துணிக்கட்டு மறைத்திருக்கும். கடைக்காரர் எழுந்து கட்டை நகர்த்திவிட்டு, விளக்கைப் போட்டு, 'நல்லாப் பாருங்க' என்று சொல்லிவிட்டு, அப்படியே தலையணை உறையையும் காட்டுவார். என்னைக் கேட்டால் மதுரைக் கடைத்தெரு நடையின் உண்மையான முன்னோடி அவர்தான். எந்தத் தூணில் யார் நிற்கிறார்கள் என்பது அவருக்குத் தெரியும், ஏனென்றால் அது அவர் கடைக்கு அடையாளம். 'காளிக்குப் பின்னாடி மூணாவது கடை' என்று சொல்லித்தான் வாடிக்கையாளரை வரவழைப்பார்.

நடந்து பார்ப்பதைக் கூட்டாகச் செய்கிற வழக்கத்துக்கு மதுரையில் பெரிய ஊக்கம் கொடுத்தது பசுமைநடை. 2010-ல் யானைமலையைக் காப்பாற்ற எழுந்த குரல்களையொட்டி எழுத்தாளர் அ. முத்துகிருஷ்ணன் தொடங்கியது. ஞாயிற்றுக்கிழமை காலையில் குடும்பம் குடும்பமாகச் சமணர் மலைகளுக்குப் போய், முனைவர் வெ. வேதாசலம், சொ. சாந்தலிங்கம் போன்றவர்கள் கல்வெட்டைப் படித்துச் சொல்லக் கேட்பார்கள். மலைக்கு என்று கிளம்பிய கால்கள் ஊருக்குள்ளும் எதையாவது தேட ஆரம்பிப்பது இயல்புதானே. மரபு நடைகள் பலரால் பல பெயரில் நடக்க, புதுமண்டபமும் பத்துத் தூணும் அவற்றின் பாதைக்குள் வந்தன.

ஒரு கடைத்தெருவைக் கூட்டமாகப் போய்ப் பார்க்க ஆரம்பிக்கிறார்கள் என்றால் அதன் வியாபாரத்துக்கு வயசாகிவிட்டது என்று அர்த்தம். இது மதுரைக்கு மட்டும் வந்த விதி இல்லை. பாரிசில் ஓப்பரா பாசேஜை 1925-ல் இடித்தார்கள். லூயி அரகான் அதைப் பற்றி எழுதிய புத்தகம் அடுத்த ஆண்டே வந்தது. அதைப் படித்துத் தூக்கம் கெட்ட வால்டர் பெஞ்சமின் 1927-ல் பாசேஜ்களைப் பற்றிக் குறிப்பெடுக்க ஆரம்பித்து, 1940-ல் சாகும்வரை முடிக்கவில்லை. நமக்குச் சென்னையில் மூர் மார்க்கெட். 1900-ல் கட்டி முடித்தார்கள், 1985 மே மாதம் எரிந்தது. எரிந்த பிறகு அதைப் பற்றி எழுதப்பட்டதில் பாதிகூட அது இருக்கும்போது எழுதப்படவில்லை.

மதுரைக்கும் நெருப்புதான் நாள் குறித்தது. 2018 பிப்ரவரி 2 இரவு, கிழக்குக் கோபுரத்தை ஒட்டிய வீரவசந்தராயர் மண்டபத்தில் தீப்பிடித்தது. அங்கிருந்த கடைகள் எரிந்து, மண்டபத்தின் கல்லும் வெந்து விழுந்தது. கல் எரியாது என்று நினைத்திருந்தவர்களுக்கு அன்று தெரிந்தது: சூட்டில் கருங்கல் வெடிக்கும், உத்தரம் பிளக்கும். கோயிலுக்குள் கடை வேண்டாம் என்ற பேச்சு பல வருஷமாக இருந்தது, வழக்குகளும் நடந்தன. தீக்குப் பிறகு அந்தப் பேச்சுக்கு மறுபேச்சு இல்லை. ஸ்மார்ட் சிட்டித் திட்டத்தில் பழைய குன்னத்தூர் சத்திரம் இருந்த இடத்தில் வணிக வளாகம் எழுப்பி, புதுமண்டபத்துக் கடைகளை அங்கே மாற்றினார்கள். தூண்களைக் கழுவிப் புனரமைக்கும் வேலை தொடங்கியது.

இதில் எந்தப் பக்கம் நியாயம் என்று ஒரு வரியில் சொல்லிவிட முடியாது. கடைகள் சிலைகளுக்குக் கெடுதல் செய்ததும் உண்மை: ஆணி அடித்தார்கள், ஒயர் இழுத்தார்கள், சுண்ணாம்பும் பெயின்டும் பூசினார்கள். வீரவசந்தராயர் மண்டபத்துக்கு நேர்ந்தது, துணியும் காகிதமும் அடைந்த புதுமண்டபத்துக்கு நேர்ந்திருந்தால் இன்று காட்டுவதற்கு நாயக்கரே இருந்திருக்க மாட்டார். ஆனால் கடைகளை வெறும் ஆக்கிரமிப்பு என்று சொல்லிவிட்டுப் போகிறவர்களை நான் செஞ்சிக்கு வரச் சொல்வேன். 2025-ல் மராட்டிய ராணுவ நிலக்காட்சி என்ற தொகுப்பில் செஞ்சிக் கோட்டையும் யுனெஸ்கோ பட்டியலில் ஏறிவிட்டது. கல்யாண மகால் இருக்கிறது, களஞ்சியம் இருக்கிறது, புல்வெளி இருக்கிறது, டிக்கெட் கவுண்டர் இருக்கிறது. ஊர்க்காரர் ஒருவருக்கு அங்கே வேலை நாளில் போவதற்கு ஒரு காரணமும் கிடையாது. மதுரைக்காரர் புதுமண்டபத்துக்கு ரவிக்கை தைக்கப் போனார், பாத்திரம் வாங்கப் போனார், ஐந்து வயசுப் பிள்ளைக்கு ராமர் கிரீடம் வாங்கப் போனார். போகிற போக்கில் சிற்பத்தையும் பார்த்தார். அந்தப் போகிற போக்கைத்தான் இனி டிக்கெட் போட்டு உண்டாக்க வேண்டியிருக்கிறது.

நடையின் மிச்சப் பாதையில் நாயக்கர் காலமும் வியாபாரமும் இன்னும் பிரியாமல் இருக்கிற இடங்கள் உண்டு. புதுமண்டபத்துக்குக் கிழக்கே ராயகோபுரம். கட்டி முடித்திருந்தால் எல்லாக் கோபுரத்தையும் மிஞ்சியிருக்கும், அடித்தளத்தோடு நின்றுபோனது. அதன் பிரமாண்டமான நிலைக்கல்லைப் பாத்திரக் கடைகளின் பளபளப்புக்கு நடுவே தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். கொஞ்சம் தெற்கே நடந்தால் விளக்குத்தூண். 1840-களில் கலெக்டர் பிளாக்பர்ன் கோட்டைச் சுவரை இடித்து அகழியைத் தூர்த்தார். இடித்துச் சமப்படுத்துகிறவருக்கு அந்த இடம் சொந்தம் என்று அறிவித்தார். வெளி வீதிகள் அப்படிப் பிறந்தவை. வேலையைப் பார்த்துக்கொண்ட பெருமாள் மேஸ்திரியும் மாரட்டும் தெருப் பெயராக இருக்கிறார்கள், கலெக்டருக்கு ஊர்க்காரர்கள் நட்ட நினைவுத்தூண் ஜவுளிக் கடைகளுக்கு நடுவே நிற்கிறது.

அங்கிருந்து ஒரு சந்துக்குள் திரும்பினால் பத்துத் தூண். திருமலை நாயக்கர் அரண்மனையின் ஒரு பகுதி இந்த இடம்வரை நீண்டிருந்தது. பேரன் சொக்கநாதர் அரண்மனையைப் பிரித்துத் திருச்சிக்குக் கொண்டுபோக, எடுத்துப்போக முடியாத கல்தூண்கள் பத்து மட்டும் மிஞ்சின. மேலே கூரை கிடையாது, சந்தின் அகலத்துக்கு மேல் வானம் தெரியாது. கீழே துண்டு, லுங்கி, உள்பாவாடை, மொத்த விலை. தூணைச் சுற்றிப் போவதற்கு மூட்டை தூக்கும் ஆட்களுக்கு ஒரு லாகவம் இருக்கிறது. வழிகாட்டியின் பேச்சைக் கேட்டுக்கொண்டு நடுவில் நிற்கிறவர்களைப் பார்த்து 'ஓரமா, ஓரமா' என்று கத்திக்கொண்டே போவார்கள்.

நடையை நடத்துகிறவர்களிடம் எனக்கு ஒரே ஒரு வேண்டுகோள்தான். வெயிலுக்கு முந்திக்கொள்ள எல்லாரும் காலை ஆறரை, ஏழுக்கு ஆரம்பித்துவிடுகிறார்கள். கடைத்தெரு அப்போது ஷட்டர் இறக்கித் தூங்குகிறது. அந்த நேரத்தில் கல்லைத்தான் காட்ட முடியும். நடையைச் சாயங்காலத்துக்கு மாற்றுங்கள். புதுமண்டபத்தில் கழுவிவிட்ட நாயக்கரைக் காட்டிவிட்டு, அப்படியே குன்னத்தூர் சத்திரத்துக்குள் கூட்டிப்போய் மாடிப்படி ஏறுங்கள். மண்டபத்திலிருந்து மாறிவந்த தையற்காரர் ஒருவரிடம், பழைய கடை எந்தத் தூணுக்கு அடியில் இருந்தது என்று கேளுங்கள். பங்குனிக் கடைசியில் போனால் அவருக்குப் பேச நேரம் இருக்காது, சல்லடத்துக்கு ஆர்டர் குவிந்திருக்கும். மாசியில் போங்கள்.